விசில் ஊதிய பிறகு நகரக் கூடாது

உஸ்மா வேலைக்குச் சேர்ந்தபோது, அந்தத் தனியார் கல்லூரியில் வலைப்பை மட்டையால் பந்தைப் பிடித்து எறிந்து ஆடும் லாக்ராஸ் என்ற சொல்லைக் கேட்டவர்களே இல்லை. ஹாங்காங்கில் படித்த காலத்தில் அவள் பல்கலைக்கழக அணிக்கு ஆடியவள். யாங்கோனுக்குத் திரும்பிய பின், பூப்பந்துக்கு வலை கட்டினால் போதும் என்ற நிர்வாகத்தின் யோசனையைக் கேட்டுக்கொண்டாள், கேட்டுக்கொண்டதோடு சரி. மூங்கில் கம்புகளின் நுனியில் வலைப்பை கட்டி மாணவிகளின் கையில் கொடுத்தாள். வலை கியாக்தான் மீனவர்கள் பின்னியது.

"இது மீன் பிடிக்கவா, மாப்புள்ள பிடிக்கவா?" என்று கேட்டார் துணிக்கடை வைத்திருந்த அவளுடைய தந்தை அப்துல் அஜீஸ்.

"பந்து பிடிக்க, வாப்பா. மாப்புள்ளையப் பிடிக்க வலை எதுக்கு?"

நல்ல மட்டைகள் பின்னால் வந்தன. முக்காடிட்டவர்களும் கன்னத்தில் தனக்கா மரக்குழம்பு பூசியவர்களும் ஒரே அணியில் ஓடினார்கள். பின்னர் ராணுவ ஆட்சி வந்து நாடு குலைந்தது; ஆட்டத்தில் தேர்ந்தவர்கள் பாங்காக்குக்கும் சிங்கப்பூருக்கும் போனார்கள். ஒவ்வொரு மழைக்காலத்துக்குப் பிறகும் உஸ்மா புதியவர்களைச் சேர்த்து, முதல் பாடத்திலிருந்து தொடங்கினாள்.

அந்த முதல் பாடம் ஓடுவது அல்ல, நிற்பது. நடுவர் விசில் ஊதினால், எவள் எங்கே இருக்கிறாளோ அங்கேயே நின்றுவிட வேண்டும். மறு விசில் வரை ஓர் அடிகூட எடுத்து வைக்கக் கூடாது. பெண்கள் லாக்ராஸின் பழைய விதி அது. வெளிநாடுகளில் அதைத் தளர்த்திவிட்டார்கள். உஸ்மா தளர்த்தவில்லை.

"உலகமே விட்டுடுச்சு சயாமா, நாம மட்டும் பொம்மை மாதிரி நிக்கிறோம்" என்பாள் அணித் தலைவி சமீனா. சயாமா என்றால் பர்மிய மொழியில் ஆசிரியை.

"ஓடுறதை எவளும் ஓடிடுவா. நிக்கச் சொன்னா நிக்கிறவ எத்தனை பேர்?"

இவ்வாண்டு நிர்வாகம் மைதானத்தை ஃபுட்சால் என்னும் சிறுகளக் கால்பந்து நடத்தும் ஒரு நிறுவனத்துக்குக் குத்தகைக்கு விட்டது. செயற்கைப் புல் விரிக்கப்படும்; ஆண்கள் ஆடுவார்கள். பெண்கள் அணி கலைக்கப்படும். உஸ்மா மாணவியர் விடுதியைப் பார்த்துக்கொள்ளலாம். செய்தியைக் கொண்டுவந்தவன் நிர்வாக அலுவலர் நரேஷ். தமிழ்த் தந்தைக்கும் பர்மியத் தாய்க்கும் பிறந்தவன். கல்லூரித் தலைவர் சொல்வதை அப்படியே செய்பவன். ஆனாலும் மாலை வேளைகளில் வேலியருகே நின்று ஆட்டம் பார்க்கும் பழக்கம் அவனுக்குப் பல ஆண்டுகளாக உண்டு.

"அலோன் பேட்டை டீமோட ஒரு மேட்ச் பாக்கி இருக்கு, கோ நரேஷ்" என்றாள் உஸ்மா, மாணவிகள் சூழ நிற்க. பர்மிய மரியாதைப்படி அவனுக்கு 'கோ', அவளுக்கு 'மா'.

"ஆடுங்க, மா உஸ்மா. அந்த ஆட்டம் முடியுற வரைக்கும் ஒரு சக்கரம்கூட உள்ள வராது. எல்லார் முன்னாலயும் சொல்றேன், இது என் வார்த்தை."

ஆட்ட நாளன்று அலோன் அணியை அழைத்து வந்தவள் லதா. உஸ்மாவின் முதல் அணியில் கோல் காத்தவள், இப்போது ஆற்றங்கரைக் கிடங்குத் தொழிலாளர்களின் மகள்களுக்குப் பயிற்சி தருபவள். ஊரில் வேறு நடுவர் இல்லாததால், வழக்கம்போல் உஸ்மாவே விசிலை எடுத்தாள்.

"ஓரவஞ்சனை வேணாம் சயாமா!" என்று கத்தினாள் லதா.

"நான் வஞ்சனை செஞ்சா நீ எப்படி முன்னால இருக்கே?"

அலோன் ஒரு கோல் முன்னிலையில் இருந்தது. கடைசி இரண்டு நிமிடங்கள் தொடங்கியிருந்தன. அந்நேரத்தில் ஒவ்வொரு விசிலுக்கும் கடிகாரமும் நிறுத்தப்பட வேண்டும். பந்தோடு பாய்ந்த சமீனாவின் தலைக்கருகே எதிரணிக்காரி ஒருத்தி மட்டையை வீசினாள். தெளிவான தவறு. உஸ்மா ஊதினாள். இரு அணிகளும் நின்றன; கடிகாரம் நின்றது.

அப்போதுதான் வாயில் திறந்து லாரி உள்ளே வந்தது.

புல்சுருள் ஏற்றிய அந்த லாரி கோல் வளையத்தைத் தாண்டிவந்து உறுமியது. ஆட்டம் முடிந்துவிட்டதென்று நினைத்து நரேஷ்தான் கையசைத்திருந்தான். அத்தனை பேரும் அசையாமல் நிற்பதைப் பார்த்தால் எவருக்கும் அப்படித்தான் தோன்றும். ஆனால் அவன் எவரோ அல்லன், இந்த விதி தெரிந்தவன்.

லாரியின் முன்னே ஒருத்தி நின்றிருந்தாள். ஓட்டுநர் ஒலிப்பானை அழுத்தினான். அவள் திரும்பிக்கூடப் பார்க்கவில்லை. அவளுக்குப் பின்னே இன்னொருத்தி. அப்பால் மைதானம் முழுவதும் மட்டை ஏந்திய பெண்கள், நட்ட கம்பங்களைப் போல. மதிலுக்கு வெளியே சைக்கிளில் போனவர்கள் இறங்கி எட்டிப் பார்த்தார்கள். இளம்பெண்கள் வாய் திறவாமல் கூட்டமாக நிற்பதை இந்த நகரத்தில் எவரும் சாதாரணமாகப் பார்த்துவிட்டுப் போவதில்லை.

நரேஷ் உள்ளே ஓடி வந்தான். "மா உஸ்மா, விசில் ஊதுங்க. ஆட்டத்தை முடிங்க."

"மைதானத்துல வண்டி நிக்குது. எப்படி ஊதுறது?"

"வெளிய எல்லாரும் பாக்கிறாங்க. எனக்குப் பயமா இருக்கு."

"ஒரு சக்கரம்கூட வராதுன்னீங்க. ஆறு இருக்கு, எண்ணிப் பாருங்க."

அவன் லதாவிடம் திரும்பினான். "உங்க டீம்தானே முன்னால இருக்கு? முடிஞ்சுதுன்னு நீங்க சொல்லுங்க. கப்பை இப்பவே தர்றேன்."

அலோன் அணிக்கு இதுவரை ஒரு கோப்பைகூட இல்லை என்பது உஸ்மாவுக்குத் தெரியும். லதா ஒப்புக்கொண்டால் ஆட்டம் முடிந்துவிடும், மைதானமும் போய்விடும்.

லதா தன் பெண்களைப் பார்த்தாள். ஒருத்தியின் மூக்கு நுனியில் வியர்வை சொட்டியது, அவள் துடைக்கவில்லை.

"பாதி ஆட்டத்துக் கப்பை எங்க வீட்ல ஊறுகாய் போடக்கூட வாங்க மாட்டாங்க" என்றாள் லதா. "சயாமா ஊதட்டும். அதுவரைக்கும் என் பிள்ளைங்க நகராது."

நரேஷ் லாரியை நோக்கி நடக்கத் திரும்பினான். நின்ற இடத்திலிருந்தே சமீனா கத்தினாள்: "கோ நரேஷ்! விசில் ஊதியாச்சு, நகராதீங்க!"

அவன் நின்றுவிட்டான். ஒரு கால் முன்னே, ஒரு கால் பின்னே. இத்தனை ஆண்டுகள் வேலியருகே நின்று பார்த்த பழக்கம் அறிவைக் கேட்காமல் காலைப் பிடித்துக்கொண்டது. அசையக் கூடாதவர்களின் தோள்கள் மட்டும் குலுங்கின. நரேஷுக்கும் சிரிப்பு வந்தது. அதை அடக்கிக்கொண்டு ஓட்டுநருக்குக் கைகாட்டினான். லாரி பின்வாங்கி, வாயிலைக் கடந்து வெளியேறியது.

"போயிடுச்சு. இப்ப ஊதுங்க."

உஸ்மா வானத்தைப் பார்த்தாள். மேற்கே சிவப்பு மங்கிக்கொண்டிருந்தது. மின்வெட்டு, விளக்குக் கம்பங்கள் வெறும் கம்பங்களாக நின்றன.

"பந்து தெரியலை, கோ நரேஷ். இருட்டுல ஆடி எவ கண்ணாவது போனா யார் பொறுப்பு? மீதியை நாளைக்கு ஆடிக்கலாம்."

"நாளைக்கு முடிச்சிடுவீங்களா?"

"வெளிச்சம் இருந்தா. வண்டி வராம இருந்தா. யாரும் தப்பு செய்யாம இருந்தா." விசிலைக் கழற்றிப் பைக்குள் போட்டாள். "எங்க பிள்ளைங்க நிறையத் தப்பு செய்யும்."

"தலைவர் என்னைக் கேப்பாரு."

"உங்க வார்த்தையைக் காப்பாத்தினேன்னு சொல்லுங்க. என்னைக் கேட்டா, விடுதிக்குப் போறதா இல்லைன்னு நானே சொல்லிக்கிறேன்."

கோடு போடும் சுண்ணாம்பு வாளியை எடுத்துக்கொண்டு அவள் மைதானத்துக்குள் நடந்தாள். முதலில் சமீனாவின் கால்களைச் சுற்றி ஒரு வட்டம் போட்டாள். "நாளைக்கு இதுக்குள்ள வந்து நில்லு." அடுத்து மட்டையை வீசியவளுக்கு, பிறகு அவளுக்குப் பின்னே நின்றவளுக்கு. வட்டம் விழுந்த பிறகே ஒவ்வொருத்தியும் காலை எடுத்தாள். லதா கூடவே நடந்து, தன் பெண்களின் வட்டங்களைச் சரிபார்த்தாள். ஒன்று கோணலாக இருப்பதாகச் சண்டையும் பிடித்தாள்.

எல்லோரும் வெளியேறிய பின் மைதானத்தின் நடுவே நரேஷ் மட்டும் நின்றிருந்தான், ஒரு கால் முன்னே, ஒரு கால் பின்னே. உஸ்மா வாளியோடு அவனிடம் வந்தாள்.

"எனக்கு எதுக்கு, மா உஸ்மா? நான் ஆட்டக்காரனா?"

"உள்ள வந்துட்டீங்களே" என்றாள் அவள், அவன் காலணிகளைச் சுற்றிச் சுண்ணாம்பைத் தூவியபடி.