மெல்லச் சொன்னது

மாப்பிள்ளை பேசினால் கேட்கிறது. வாசலில் நின்று பால்காரர் முனகினால் கேட்கிறது. டிவியில் செய்தி வாசிக்கிற ஆள் செருமினால்கூடக் கேட்கிறது. பக்கத்தில் உட்கார்ந்து நான் பேசினால் மட்டும் என் வீட்டுக்காரருக்குக் கேட்காது. எனக்கு எப்படி இருக்கும், நீங்களே சொல்லுங்கள்.

லேத் பட்டறையில் காலம் முழுக்க இரும்பைக் கடைந்தவர். அந்தச் சத்தம் அவர் காதைத் தின்றுவிட்டது. மெல்லிய, கீச்சுக் குரல்கள்தான் முதலில் போகும் என்றார் டாக்டர். அதற்குத்தான் மகள் தன் கம்பெனியில் புதிதாகச் செய்த காது மிஷினைச் சோதனைக்கென்று கொண்டுவந்து அப்பாவுக்கு மாட்டினாள். அவள் அங்கே இன்ஜினியர்.

"மாமா, கேக்குதா?" என்றார் மாப்பிள்ளை.

"ஏன் மாப்பிள்ளை கத்தறீங்க?" என்றார் இவர். வீடே கைதட்டியது.

பின்னாலிருந்து நான் ஆசையாக, "டீ போடட்டுமா?" என்று கேட்டேன். மனிதர் ஜன்னலைப் பார்த்துக்கொண்டிருந்தார்.

எனக்கு வந்ததே கோபம்! நான் டெலிபோன் எக்ஸ்சேஞ்சில் வேலை பார்த்தவள். பட்டறை போனிலிருந்து வேண்டாத நம்பரையெல்லாம் கேட்டுக் கேட்டு, என் குரலுக்காகவே என்னைத் தேடி வந்து கட்டிக்கொண்டவர் இவர். அவருக்கு ஊர் உலகமே கேட்குமாம், என் குரல் கேட்காதாம். வேண்டுமென்றே செய்கிறார் என்று முடிவுகட்டினேன். பேச்சை நிறுத்தினேன். டீயை மேஜையில் டொம்மென்று வைப்பேன். "கோவமா?" என்பார். வாய்க்குள் நாலு வார்த்தை திட்டுவேன். ஒன்றும் கேட்காதவர்கள் சிரிப்பார்களே, அப்படி ஒரு சிரிப்பு சிரிப்பார். அதைப் பார்த்தால் திட்டவும் மனசு வராது.

மகள் லீவு போட்டுவிட்டு வந்து எங்களைக் கவனித்தாள். சாயங்காலம் சமையலறைக்கு வந்தாள்.

"அப்பா மேல தப்பில்லம்மா. மிஷின் மேலதான். எது பேச்சு, எது இரைச்சல்னு அதுக்குச் சொல்லிக் குடுக்க எங்க ஆபீஸ் ஆளுங்களே பேசிப் பதிவு பண்ணாங்க. எல்லாம் ஆம்பளைக் குரல். அதனால மெல்லிசா எது வந்தாலும் இரைச்சல்னு அமுக்கிடுது."

"என் குரல் இரைச்சலா?"

"மிஷினுக்கு."

"உங்கப்பாவுக்கும் ரொம்ப நாளா அப்படித்தான்." அவள் சிரித்தாள். எனக்குச் சந்தேகம் தீரவில்லை. "உன் குரலும் என் குரல் மாதிரிதானே? நீ சொன்னா மட்டும் எப்படிக் கேக்குது?"

"எங்க கேக்குது? கையைத் தட்டி, என் முகத்தைப் பாக்க வெச்சுத்தானே நான் பேசறேன். நீ கவனிக்கலையா?"

சாமர்த்தியமாகச் சொல்லிவிட்டாள். கண் மட்டும் கலங்கியிருந்தது.

"பொம்பளைக் குரலும் சேக்கணும்னு மீட்டிங்ல முதல்லயே சொன்னேன்மா. யார் காதுலயும் விழல."

"அவங்களுக்கும் ஆளுக்கு ஒரு மிஷின் மாட்டிவிடு!"

மறுநாள் அவளே அப்பாவை ஆபீசுக்குக் கூட்டிக்கொண்டு போய், டீம் லீடர் முன்னால் உட்காரவைத்து, இவர் முதுகுக்குப் பின்னால் நின்று "அப்பா" என்று கூப்பிட்டிருக்கிறாள். கூப்பிட்டுக்கொண்டே இருந்திருக்கிறாள். இவர் திரும்பவேயில்லை. டீம் லீடருக்கு முகம் சுருங்கிப்போயிற்றாம். "குரல்களைக் கூட்டிட்டு வாங்க" என்றாராம்.

கேன்டீன் அம்மா, துப்புரவு வேலை செய்கிற பெண், ரிசப்ஷன் பெண்கள், யாரோ ஒருவரின் வாயாடித் தங்கை என்று பெரிய கூட்டம் சேர்ந்தது. அதில் நானும் ஒருத்தி. சுவரெல்லாம் மெத்தை வைத்த அறையில் உட்காரவைத்து ஒரு தாளைக் கொடுத்தார்கள். 'வானம் தெளிவாக உள்ளது. ரயில் தாமதமாக வருகிறது.'

"எந்த வீட்டுல இப்படிப் பேசறாங்க?" என்று தாளைக் கவிழ்த்து வைத்தேன். வீட்டில் பேசுவதையே பேசினேன். "ஈரத்துண்டைக் கட்டில்ல போடாதீங்கன்னு எத்தனை தடவை சொல்றது! குழாயை யார் மூடுவா, உங்க மாமனாரா? கண்ணாடியைத் தலைமேல வெச்சுக்கிட்டு வீடு பூரா தேடாதீங்க!" அறையின் கண்ணாடித் தடுப்புக்கு அந்தப் பக்கம் டீம் லீடர் வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரித்தார். திட்டித் தீர்த்தாயிற்று. மைக்கை எடுக்க வந்த மகளிடம் மெல்லச் சொன்னேன்.

"அவருக்கு என் குரல் கேக்கலைன்னா, வீட்டுல யாருமே இல்லாத மாதிரி இருக்குடி."

அவள் என் கையைப் பிடித்துக்கொண்டாள்.

மிஷினுக்கு மறுபடி பாடம் நடத்த மாதக்கணக்கானது. ஒருநாள் இவரை அதே அறையில் உட்காரவைத்தார்கள். காதில் விழுவதை அப்படியே திருப்பிச் சொல்லவேண்டும். சரியாகச் சொன்னால் டீம் லீடர் டிக் அடிப்பார். நான் கண்ணாடிக்கு வெளியே, அவர் பார்வை படாத மூலையில் நின்றேன். இதுவும் கைவிட்டால் இனி வேறு வழியில்லை என்று தெரியும்.

முதலில் ஆண் குரல். மளமளவென்று சொன்னார். அடுத்து நான்.

"ஈரத்துண்டைக் கட்டில்ல போடாதீங்கன்னு எத்தனை தடவை..." பாதியிலேயே இவர் முகம் மலர்ந்துவிட்டது. "இது அவதான்! என் பொண்டாட்டி!"

"சார், கேட்டதை மட்டும் திருப்பிச் சொல்லுங்க."

"கல்யாணம் ஆனதுலேர்ந்து அதைத்தான்யா செய்யறேன்!"

குழாய், மாமனார், கண்ணாடி எல்லாம் வரிசையாகச் சொன்னார். எல்லாவற்றுக்கும் டிக். நான் புடவைத் தலைப்பால் வாயைப் பொத்திக்கொண்டேன். அப்போது ஸ்பீக்கரில் இன்னொரு குரல் வந்தது, தணிவாக. அதுவும் நான்தான்.

"அடிப்பாவி! அதையுமா பதிவு பண்ணே?"

"கத்தினா எப்படியாவது கேட்டுடும்மா" என்றாள் பக்கத்தில் நின்ற மகள். "மெல்லச் சொன்னது கேக்குதான்னுதான் பாக்கணும்."

உள்ளே இவர் அசையவில்லை. டீம் லீடர் பேனாவோடு காத்திருந்தார்.

"அவருக்கு என் குரல் கேக்கலைன்னா... வீட்டுல..." அதோடு நிறுத்திக்கொண்டார் இவர்.

"மிச்சம் கேக்கலையா சார்?"

"கேட்டுச்சு. உங்ககிட்ட சொல்லமாட்டேன்."

எழுந்து கதவைத் திறந்துகொண்டு வெளியே வந்தார். தேடிப் பார்த்து, மூலையில் நின்ற என்னிடம் வந்து, "என்னம்மா?" என்றார். இத்தனை நாள் சேர்த்துவைத்த பேச்சு ஒன்றுகூட வாயில் வரவில்லை. தலையைக் குனிந்துகொண்டு, தலைப்பு வாயை மூடியிருக்க, எனக்கே கேட்காத குரலில், "ஒண்ணுமில்ல" என்றேன்.

"ஒண்ணுமில்லாமலா அழற?" என்றார்.