ஓடைக்கரைத் தாலாட்டு

வேனில் முதிர்ந்த நண்பகலில், பறவைகளும் நிழல் தேடி ஒடுங்கிவிட, அரியலூருக்குக் கிழக்கே விரிந்த சுண்ணாம்பு நிலம் கண்கூசும் வெண்மையோடு வெந்துகொண்டிருந்தது. பண்டொரு காலத்தில் கடல் புரண்ட இடமென்பதற்குச் சான்றாகக் கல்லாய் உறைந்த சிப்பிகளை மடியில் ஏந்திக் கிடந்த வறண்ட ஓடையில், ஆயிரத்துத் தொள்ளாயிரத்து நாற்பத்தாறாம் ஆண்டுச் சித்திரையில், ஒலிப்பதிவு வண்டியோடு வந்திறங்கினான் பஞ்சநாதன். தா.பழூரில் பிறந்து, நாடகக் குழுக்களில் பாடி, சென்னையில் ஒலிப்பதிவு கற்று இசையமைப்பாளனாக உயர்ந்தும், தன் பாடல் ஒன்றேனும் மக்கள் வாயில் நிலைக்கவில்லையே என்று உள்ளூரப் புழுங்கியவன் அவன்.

தான் இசையமைத்துவந்த படத்தின் பாலைக் காட்சிக்குக் காற்றொலி வேண்டி, பதிவுக் கருவியோடு இணைந்த செவிக்குழலைக் காதுகளில் அணிந்தான். காற்று கேட்கவில்லை. சரிந்து கிடந்த கரையின் அடியிலிருந்து எழுவதுபோல், மூச்சுத் திணறும் ஒரு பெண்குரல் தாலாட்டு இசைத்தது. குழலைக் கழற்றினால் அமைதி, அணிந்தால் குரல். உடன் வந்தோர் செவியிலும் அது விழவில்லை, பதிவிலும் விழவில்லை. ஆயினும் அவன் கை அம்மெட்டைத் தாளில் குறித்துக்கொண்டது.

தன் மெட்டாகவே அதைப் படத்தில் சேர்க்க, மறு ஆண்டு அம்மெட்டு ஊரெங்கும் ஒலித்தது. அரியலூர்த் திரையரங்கில் அவனைப் பாராட்டி மாலை சூட்டிய பிற்பகலில், முப்பது வயதுப் பெண்ணொருத்தி கூட்டத்தை விலக்கிக்கொண்டு வந்து நின்றாள். அவள் பெயர் முத்தாயி.

"ஐயா, அந்தத் தாலாட்டு எங்கம்மா குஞ்சம்மாள் கட்டுனதுங்க. எனக்கு மட்டுந்தான் பாடுவாங்க. நீங்க எங்க கேட்டீங்க?"

"உங்கம்மா இப்ப எங்க இருக்காங்க?"

"எனக்கு எட்டு வயசுல காணாமப் போயிட்டாங்க. எவன்கூடவோ ஓடிட்டான்னு ஊரே பேசுச்சு. நானும் அதை நம்பி இத்தனை வருசமா வைஞ்சுக்கிட்டுத்தான் இருந்தேன்."

தன் கற்பனையென்று ஒரு சொல் சொன்னால் போதும், புகழ் தங்கிவிடும். கழுத்து மாலை கனக்க, அத்தனை பேர் முன்னிலையில் பஞ்சநாதன் வாய்திறந்தான்.

"அது நான் கட்டுன மெட்டு இல்லம்மா. ஓடையில மண்ணுக்கடியில கேட்டேன். வா, இடத்தைக் காட்டுறேன்."

மறுநாள் கரையைத் தோண்டினர். இரண்டு ஆள் ஆழத்தில், சுண்ணாம்புக்கல் நிறைந்த கூடையும், அதன்மேல் கவிந்த எலும்புக்கூடும், கையெலும்பில் நெளிந்த செப்புக்காப்பும் வெளிப்பட்டன. பழி பேசிய முதியோர் தலைகவிழ்ந்து நின்றனர். அது தாயின் காப்பென்று கண்டுகொண்டு, துடைத்து மார்போடு அணைத்தாள் முத்தாயி.

"எங்கம்மா ஓடலிங்க. வூட்டுக்கு வெள்ளையடிக்கக் கல்லெடுக்க வந்திருக்கா. மண்ணு சரிஞ்சு அமுக்குனப்பவும் எனக்குத்தான் பாடியிருக்கா."

அவள் அழுகையில் துயரினும் நாணமே மிகுந்திருந்தது; இருபத்திரண்டு ஆண்டுகள் தாயைப் பழித்த நாவன்றோ அது!

இசைத்தட்டில் தன் பெயரை நீக்கிக் குஞ்சம்மாளின் பெயரைப் பொறிக்கச் செய்தான் பஞ்சநாதன். பித்துப் பிடித்தவனென்று படமுதலாளிகள் அவனை விலக்கினர்; வாய்ப்புகள் அருகின. மூச்சு அடங்கிய பின்னும் அடங்க மறுத்த அன்பைத் தன் செவியால் கேட்டுவிட்ட அவனோ, அதன்பின் எந்த மெட்டையும் தன்னுடையதென்று சொல்லத் துணியவேயில்லை.