ஒட்டகத்துக்கு முதல் சாவி

எர்கெஷ் உஸ்தா ஒட்டகத்தின் வயிற்றுக் கதவை ஏழாவது தடவையாகச் சாத்திவிட்டு, அதன் முன்னங்காலைப் பிடித்து உலுக்கிப் பார்த்தார். ஏழாவது தடவையும் உள்ளே எங்கேயோ ‘கிணிங்’ என்றது.

“சத்தம் இன்னும் போகலியா?” என்றாள் அவர் மனைவி உல்சான், அவர் தொடாமலே வைத்திருந்த தேநீர்க் கிண்ணத்தை நீட்டியபடி.

“போயிருந்தா நான் ஏன் இப்படி மல்லாந்து கிடக்கேன்?”

“சத்தம் கிடக்கட்டும். முதல் சாவி குடுக்க யாரு வர்றாங்க?”

எர்கெஷ் தேநீரை ஊதிக் குடித்தார். தேநீர் ஆறிப்போய் வெகுநேரமாகியிருந்தது.

தாஷ்குமுட் ஊரிலிருந்து உப்பு ஏற்றிக்கொண்டு போகிறவர்கள் கணவாயைத் தாண்டியாக வேண்டும். அங்கே காற்று ஆளைப் பெயர் சொல்லிக் கூப்பிடும். நிஜ ஒட்டகம் கூப்பிட்ட பக்கம் போய்விடும்; மரியாதை தெரிந்த பிராணி. ஆகவே காது வைக்காத விசை ஒட்டகம் ஒன்று முன்னால் நடக்க வேண்டும். அதைச் செய்யத்தான் விசைக்கொல்லர்கள்; ‘உஸ்தா’ என்று மரியாதையாகக் கூப்பிடுவார்கள். ஊரில் இருந்தது இரண்டே பேர். ஒருவர் எர்கெஷ். எதிர்க்கடை சாபர் இன்னொருவர்.

சுருள்வில்லுக்கு முதன்முதலில் சாவி கொடுக்கிற கையின் குணம் அந்தப் பொருளுக்கு வந்துவிடும். நாற்பது நாளைக்குப் போகாது. ஒருமுறை தேநீர்க்கடைக்காரர் ஆசைப்பட்டுச் சாவி கொடுத்த ஒட்டகம், வழியிலிருந்த ஒவ்வொரு வீட்டு வாசலிலும் நின்று குடும்ப நலம் விசாரித்தது. இலையுதிர் காலத்தில் கிளம்பிய உப்பு பனியில் மாட்டிக்கொண்டு வசந்தத்தில் போய்ச் சேர்ந்தது. அதற்குப் பிறகுதான் விசைக்கொல்லன் கை மட்டுமே தொடலாம் என்று சங்கத்தில் விதி போட்டார்கள். ஆனால் செய்தவன் கை கூடாது. செய்தவனுக்குத் தன் வேலையில் திருப்தி ஏது? ஒரு கிழவர் தான் செய்த சேவலுக்குத் தானே சாவி கொடுத்தார். அது கூவவே இல்லை. தன் இறகை ஒவ்வொன்றாகக் கழற்றி, வெளிச்சத்தில் பிடித்துப் பார்த்து, “ம்ஹூம்” என்று கீழே வைத்தது. சாயங்காலத்துக்குள் சேவல் என்று சொல்ல ஒன்றும் மிஞ்சவில்லை. விதியை மீறினவரின் தொழில் முத்திரையைச் சங்கம் உடைத்துவிட்டது. அதற்கப்புறம் அவர் கழுதைக்கு லாடம் அடித்துத்தான் பிழைத்தார்.

ஆக எர்கெஷின் ஒட்டகத்துக்குச் சாவி கொடுக்க உலகத்தில் ஒரே ஆள் சாபர். இரண்டு மாதத்துக்கு முன், தன் சின்ன அரத்தைக் காணோமென்று, சந்தை நடுவில் நின்று சாபரைக் கள்ளன் என்று கத்தியிருந்தார் எர்கெஷ்.

உல்சான் சுடச்சுட இரண்டு ரொட்டியைத் துணியில் சுற்றி அவர் கையில் திணித்தாள். “போங்க. பல்லைக் கடிச்சுக்கிட்டு ஒரு வார்த்தை கேளுங்க.”

எர்கெஷ் பல்லை மட்டும் கடித்துக்கொண்டு தெருவைக் கடந்தார்.

“வாய்யா,” என்றார் சாபர், தலையைத் தூக்காமல். “இன்னிக்கு என்ன காணாமப் போச்சு? சுத்தியலா?”

“சாவி குடுக்கணும். இன்னிக்குக் கிளம்பணும். மலையில மேகம் இறங்குது பாரு.”

“கள்ளன் கை பட்டா ஒட்டகம் உப்பைத் திருடிடாதா?”

“விளையாடாதே சாபர்.”

“நானா விளையாடறேன்? சந்தையில வெச்சுக் கள்ளன்னு சொன்னே. அதே சந்தையில வந்து, தப்பாச் சொல்லிட்டேன்னு சொல்லு. ஓடி வந்து குடுக்கறேன்.”

“அரத்தைக் குடு, சொல்றேன்.”

“ரொட்டிய வெச்சிட்டுப் போ,” என்றார் சாபர்.

எர்கெஷ் ரொட்டியை எடுத்துக்கொண்டே திரும்பினார்.

பட்டறை வாசலில் வணிகர் தலைவர் தோக்தார் பதினெட்டு ஒட்டகங்களோடு நின்றிருந்தார். உப்பு மூட்டை ஏற்றியாகிவிட்டது.

“என்னய்யா உஸ்தா, இப்பக் கிளம்பலேன்னா பனி வழியை மூடிரும். உன் ஒட்டகம் நடக்குமா, இல்ல அதையும் நாங்கதான் தூக்கிட்டுப் போகணுமா?”

“நடக்கும்.”

“எப்ப?”

எர்கெஷ் ஒட்டகத்தை ஓர் உதை விட்டார். ‘கிணிங்’ என்றது. அந்தச் சத்தந்தான் எல்லாவற்றையும் கெடுத்தது. ஒரு வாரமாகத் தூக்கமில்லை. சேவல் ஞாபகம் வந்தது, முத்திரை ஞாபகமும் வந்தது. ஆனால் கை அதற்குள் சாவியைப் பிடித்துப் பதினோரு சுற்றுச் சுற்றிவிட்டிருந்தது.

“ஐயோ, என்ன பண்ணிட்டீங்க!” என்றாள் உல்சான்.

ஒட்டகம் எழுந்தது. முன்னங்காலை உலுக்கிப் பார்த்தது. ‘கிணிங்.’ எர்கெஷ் மாதிரியே நாக்கைச் சப்புக்கொட்டியது. பிறகு தோக்தாரின் ஒட்டகங்களிடம் போய், ஒவ்வொன்றின் முழங்காலையும் தட்டிப் பார்த்துத் தலையை ஆட்டியது. நன்றாகக் கட்டியிருந்த மூன்று மூட்டைகளை அவிழ்த்து, அதைவிட மோசமாகக் கட்டியது.

“இது யாருன்னு எனக்குத் தெரியும்,” என்று எதிர்க்கடையிலிருந்து குரல் வந்தது. சாபர் வாசலுக்கு வந்திருந்தார். சந்தையும் பின்னாலேயே வந்துவிட்டது.

ஒட்டகம் நின்றது. மறுபடி காலை உலுக்கிப் பார்த்தது. கழுத்தைப் பின்னால் வளைத்துத் தன் திமிலின் தையலைப் பல்லால் பிரித்தது. திமில் வெறும் கூடு. இரண்டு மாதத்துக்கு முன் எர்கெஷே கம்பளி போர்த்தித் தைத்துவிட்ட இடம். அதனால் அதைத் திறந்து பார்க்க அவருக்குத் தோன்றவே இல்லை. ஒட்டகம் உள்ளே தலையை விட்டு எதையோ கவ்வி எடுத்தது.

சின்ன அரம்.

சந்தையே எட்டிப் பார்த்தது. ஒட்டகம் அரத்தைப் பார்த்தது. சாபரைப் பார்த்தது. பிறகு மெல்ல அதைக் கீழே போட்டு, அதன்மேல் காலை வைத்துக்கொண்டு, ஆகாயத்தைப் பார்க்க ஆரம்பித்தது.

“அச்சு அசல்!” என்று சாபர் தொடையில் தட்டினார். “மீசைதான் பாக்கி!”

தோக்தார் சிரிக்கவில்லை. “உஸ்தா, பனி.”

எர்கெஷ் ஒட்டகத்தின் காலைத் தூக்கப் பார்த்தார். அது அழுத்திக்கொண்டது. தன் பிடிவாதம் எத்தனை கனம் என்று அவருக்கு முதல் தடவையாகத் தெரிந்தது. முதுகு பிடித்துக்கொண்டது.

“சாபர்,” என்றார், குனிந்தபடியே. “நான் சொன்னது தப்பு.”

“கடைசி ஒட்டகத்துக்குக் கேக்கல.”

“நான் சொன்னது தப்பு! நீ கள்ளன் இல்ல! அரம் என்கிட்டதான் இருந்துச்சு! போதுமா?”

“விதி?” என்றாள் உல்சான் மெதுவாக.

“சங்கத்துல விசாரிச்சா, அவன் கை வழுக்கிடுச்சுன்னு சொல்றேன்,” என்று சாபர் தன் கடையிலிருந்து புதுச் சுருள்வில் ஒன்றைக் கொண்டுவந்து போட்டார். ஏழு தடவை திறந்து மூடிய கை அல்லவா, தேநீர் கொதிப்பதற்குள் எர்கெஷ் பழையதைக் கழற்றிப் புதியதை மாட்டி, திமிலையும் தைத்துவிட்டார். சாபர் சாவி கொடுத்தார். பதினோரு சுற்று.

ஒட்டகம் எழுந்தது. காலை உலுக்கவில்லை, யார் மூட்டையையும் தொடவில்லை. நேராகக் கணவாயைப் பார்த்து நடந்தது. எர்கெஷைத் தாண்டும்போது மட்டும் முகத்தை அந்தப் பக்கம் வெடுக்கென்று திருப்பிக்கொண்டது.

“இது என்ன கூத்து?” என்றார் எர்கெஷ்.

“ரெண்டு மாசக் கோவம் ஒரு கத்தல்ல போயிடுமா?” என்றார் சாபர். “நாப்பது நாள்ல சரியாயிடும்.”

எர்கெஷ் மண்ணில் கிடந்த அரத்துக்காகக் குனிந்தார். சாபர் முந்திக்கொண்டு அதை எடுத்து, ஊதித் துடைத்து, தன் இடைக்கச்சையில் செருகிக்கொண்டார்.

“டேய், அது என்னோடது!”

“தெரியும். கள்ளன்னு பேரு வாங்கி ரெண்டு மாசமாச்சு. நாப்பது நாளாவது வெச்சிருந்து பாக்கறேன்,” என்று சொல்லிவிட்டு, வாசலில் கிடந்த ரொட்டியையும் துணியோடு எடுத்துக்கொண்டு தெருவைக் கடந்து போனார் சாபர்.