காசியம்மாள் வெயிலில் வைத்த படச்சுருள்கள்

கதை எழுதும் தகுதி எனக்கு உண்டென்று சொல்லத் துணிய மாட்டேன். இதற்கு முன் விண்ணப்பங்களைத் தவிர வேறெதையும் எழுதியறியேன். பிழைகளைப் பெரியோர்கள் பொறுத்தருள வேண்டும்.

தருமபுரியில் ஆங்கில ஆசிரியராக இருந்த முகம்மது கவுஸ், 1968ஆம் ஆண்டு ஐப்பசியில் ரீமர் என்னும் ஜெர்மானிய எழுத்தாளருக்கு மொழிபெயர்ப்பாளராகச் சித்தேரி மலைக்குச் சென்றார். ரீமர் பதினேழு ஆண்டுகள் பிறருடைய ஆவணப்படங்களுக்கு உரை எழுதிக் கொடுத்தவர். சாமை அறுவடையைப் பற்றிய இந்தப் படத்தைத்தான் முதன்முதலாகத் தாமே கேமராவைத் தூக்கி எடுத்தார்.

"இது தவறினால் எனக்கு அடுத்த படம் கிடையாது, கவுஸ்" என்று ஒருநாள் நடந்துகொண்டே சொன்னார்.

தங்க இடம் கொடுத்தவர் காசியம்மாள். "எங்க சாமையப் படம் புடிச்சு இந்தத் தொரை எந்த ஊர்ல போய் ஆக்கித் திங்கப் போறாருங்க?" என்று கேலி பேசிக்கொண்டே இருவருக்கும் சோறு போட்டார்.

அறுவடை முடிந்தது. சந்தையைப் படம்பிடிக்க இருவரும் கம்பைநல்லூருக்கு இறங்க வேண்டியிருந்தது. கீழே வெக்கை அதிகம் என்பதால், எடுத்து முடித்த பதினொரு படச்சுருள் டப்பாக்களையும் காசியம்மாள் வீட்டிலேயே வைத்தார் ரீமர்.

"அந்த அம்மாளிடம் இரண்டு செய்திகள் சொல்லுங்கள். ஈரம் படக்கூடாது. டப்பாவைத் திறக்கவே கூடாது. வெளிச்சம் பட்டால் எல்லாம் போயிற்று."

முதல் செய்தியைக் கவுஸ் சொல்லிவிட்டார். இரண்டாவதைச் சொல்லவில்லை. இருபது நாள் சோறு போட்டவரிடம் 'திறக்காதீர்கள்' என்பது, 'திருடாதீர்கள்' என்பதைப்போல அல்லவா கேட்கும்? மூடியைச் சுற்றித்தான் நாடா ஒட்டியிருக்கிறதே, யார் பிரிக்கப் போகிறார்கள் என்று தம்மைத் தேற்றிக்கொண்டார்.

"சொல்லிவிட்டீர்களா?"

"சொல்லிவிட்டேன்."

மழையில் மலைப்பாதை சரிந்து நான்கு நாட்கள் பேருந்து ஓடவில்லை. ஐந்தாம் நாள் அவர்கள் ஏறி வந்தபோது சுள்ளென்று வெயில். வாசலில், விதைச் சாமைக்குப் பக்கத்தில், மூங்கில் பாயில் படச்சுருள்கள் பிரிந்து கிடந்தன. காசியம்மாள் கோழி விரட்டிக்கொண்டிருந்தார்.

"வாங்க சாரு! நாலு நாளா ஒரே மழைங்க, டப்பாவெல்லாம் வேர்த்துப்போச்சு. ஈரம் படக்கூடாதுன்னீங்களே, அதான் வெதையோட சேர்த்துக் காயப் போட்டுட்டேன்."

ரீமர் பாயருகே உட்கார்ந்தார்.

"வயதானவர், மறந்திருப்பார். ஒன்றும் ஆகவில்லை என்று சொல்லுங்கள்" என்றார்.

ரீமரிடம் உண்மையைச் சொல்லக் கவுஸ் வாயெடுத்தார்; ஆனால் காசியம்மாள் பக்கம் திரும்பி, "ஒன்னும் ஆகலியாம், ஆத்தா" என்றார்.

"பின்னே? நல்லா மொறுமொறுன்னு காஞ்சிருக்குதுல்லங்க!"

1971இல் ரீமரிடமிருந்து கடிதம் வந்தது. படம் எடுக்கும் வாய்ப்பை மட்டுமல்ல, உரை எழுதும் வேலையையும் நிறுவனம் நிறுத்திவிட்டதாம். ஓர் அச்சகத்தில் பிழை திருத்துகிறாராம். காசியம்மாளை நலம் விசாரித்திருந்தார். கவுஸ் மூன்று முறை பதில் எழுதினார், மூன்றையும் கிழித்தார். அதன்பின் கடிதம் வரவில்லை.

போனவை இவை: பதினொரு படச்சுருள்கள், இருபது நாள் உழைப்பு, ரீமர் அவர்களின் தொழில், ஒரு நட்பு.