பத்தொன்பது கைகள்

அப்பாவின் தாடையைத் துணியால் கட்டிக்கொண்டிருந்தவளிடம் அண்ணன் படிவத்தை நீட்டினான். இறப்புக்கான காரணம் என்ற இடத்தில் பென்சிலால் ‘முதுமை’ என்று ஏற்கெனவே எழுதியிருந்தது. அறுபத்தொரு வயதில் என்ன முதுமை வேண்டிக்கிடக்கிறது?

“வீட்டுல செத்தா, கடைசிவரை கூட இருந்தவங்கதான் எழுதணுமாம். அதுமேலயே பேனாவால எழுதிக் கையெழுத்துப் போட்டுடும்மா.”

அவள் குடிநீர்ப் பரிசோதனைக்கூடத்தில் வேலை பார்ப்பவள். குழாய்த் தண்ணீரில் கிருமி இருக்கிறது, உடனே மூடுங்கள் என்று மூன்று வாரத்துக்கு முன் அறிக்கை கொடுத்திருந்தாள். நகரமன்றத் தலைவரான இந்த அண்ணன் என்ன செய்தான்? அறிக்கையை ஓட்டுக்கு விட்டான். மன்ற உறுப்பினர்கள் பத்தொன்பது பேர் கை தூக்கினார்கள், தண்ணீர் சுத்தமாகிவிட்டது. மகனின் மானத்தைக் காப்பாற்ற, தெருக்குழாயில் நாலு பேர் பார்க்கத் தினமும் குடித்தார் அப்பா. நேற்றுக் காலை பிடித்த பேதி இன்று விடிவதற்குள் ஆளை முடித்துவிட்டது. ஆஸ்பத்திரிக்குப் போனால் மகன் பேர் கெட்டுவிடுமாம், அப்படியொரு பிடிவாதம். அவர்மேலும் அவளுக்கு ஆத்திரம் ஆத்திரமாய் வந்தது.

“நீ பேதின்னு எழுதினா நாளைக்கே குழாயை மூடணும். என் பதவி போச்சு.”

“மூடலேன்னா இன்னும் எத்தனை பேர் போவாங்கண்ணா?”

அவன் கூடத்தில் இருந்தவர்கள் பக்கம் திரும்பினான். “சரி, குடும்பமா முடிவு பண்ணுவோம். முதுமைதான்னு சொல்றவங்க கை தூக்குங்க.” தன் கையை முதலில் உயர்த்தினான்.

பழக்கதோஷம், வேறென்ன. சித்தப்பா தூக்கினார். அத்தை அவரைப் பார்த்துத் தூக்கினாள். மடியில் குழந்தைக்குப் பாட்டில் பிடித்திருந்த அண்ணியும் மற்றக் கையைத் தூக்கினாள்.

“அண்ணி, பாட்டில்ல என்ன தண்ணி?”

அண்ணி தலை குனிந்துகொண்டாள். “காய்ச்சினது.”

“எப்பலேருந்து?”

“நீ அறிக்கை குடுத்த அன்னிலேருந்து.”

வீட்டிலேயே காய்ச்சித்தான் குடிக்கிறோம் என்று அப்பாவிடம் ஒரு வார்த்தை சொல்லியிருக்கக் கூடாதா?

“தலைவர் யாரு, வரி எவ்வளவு, அதுக்கெல்லாம் கை தூக்குங்க. நானும் தூக்கறேன். எங்கப்பா எதுல செத்தாருங்கிறதுக்கு யாரும் தூக்க வேண்டாம்.”

பென்சில் எழுத்தை அடித்துவிட்டு, ‘குழாய்த் தண்ணீரால் வந்த பேதி’ என்று எழுதிக் கையெழுத்திட்டாள். அண்ணி கையை இறக்கினாள். பிறகு அத்தை. சித்தப்பா பிடரியைச் சொறிவதுபோல இறக்கினார்.

அண்ணனின் கை மட்டும் மேலேயே இருந்தது.