குடைப்பிடியில் முளைத்த பொழுது

காளான் முனிவருக்கு ஊரில் அபார மரியாதை. கழிந்துபோன ஒரு பொழுதை மறுபடி வாழ ஆசைப்படுகிறவர்கள், அந்தப் பொழுதில் உடனிருந்த மரத்துண்டையோ துணியையோ அவரிடம் கொண்டுவந்து கொடுப்பார்கள். அவர் அதை ஈரச் சாக்கில் சுற்றி, மந்திரம் சொல்லி வித்துத் தூவி, மாடியறை இருட்டில் வைப்பார். ஒற்றைக் காளான் முளைக்கும். அது விரிந்ததும் பறித்துத் தின்றால் அந்தப் பொழுது அப்படியே திரும்பிவரும்.

"நீங்க இல்லாத பொழுதைத் தின்னா வாயில மண்ணுதான் மிஞ்சும்" என்று எல்லோரிடமும் சொல்லித்தான் கொடுப்பார். "தனியாத் தின்னா, கூட இருந்தவங்களுக்கு அது அடியோட மறந்துபோகும். பங்கு போட்டுத் தின்னா ரெண்டு பேருக்கும் நிக்கும். யோசிச்சுத் தின்னுங்க."

ஊருக்கெல்லாம் குறி சொன்ன பல்லி கழுநீர்ப் பானையில் விழுந்த கதைதான் இது.

ஒரு நாள் காலை, தண்ணீர் தெளிக்கப் போனவர் கண்ணில் கடைசித் தட்டின் பின்னால் ஒரு பொதி பட்டது. அவர் வைத்ததல்ல. பிரித்தால், ஆண்கள் பிடிக்கும் நீளக் குடையின் வளைந்த மரப்பிடி. அதன் மேல் வெள்ளை வெளேரென்று ஒரு மொக்கு. சாக்கில் போட்டிருந்த முடிச்சு மனைவி போடும் முடிச்சு. சுவருக்கு அந்தப்புறம் இத்தனை வருஷம் மந்திரம் கேட்டவளுக்கு அது மனப்பாடம் ஆகாமலா இருக்கும்?

முனிவரிடம் குடை கிடையாது. வீட்டைவிட்டு இறங்கினால்தானே மழை? ஆனால் கீழ்க்கடைத் தையற்காரனிடம் அச்சு அசலாக இப்படியொரு குடை உண்டு. அந்த ஆள் இவரைக் கண்டால் "சாமி" என்று ஒரு கும்பிடோடு நிறுத்திக்கொள்வான். அவளைக் கண்டால் "வாங்க மேடம்" என்று அளவுநாடா கழுத்திலிருந்து நழுவுவதுகூடத் தெரியாமல் இளிப்பான்.

முனிவருக்கு வயிறு பற்றி எரிந்தது. தவம், ஞானம் எல்லாம் அடுத்தவர் வீட்டுச் சண்டைக்குத்தான் உதவும் போலிருக்கிறது.

சாப்பிடும்போது அவள் ஏதோ பாட்டை முணுமுணுத்துக்கொண்டிருந்தாள்.

"கொஞ்ச நாளா ஒரே குஷியா இருக்கியே?"

"ஏன், இருக்கக் கூடாதா?"

"யாரு வேண்டாம்னா? தாராளமா இரு."

"நாளைக்கு ஒரு சமாச்சாரம் இருக்குங்க. இப்பக் கேக்காதீங்க" என்று சிரித்துக்கொண்டே எழுந்து போனாள். அந்தச் சிரிப்பு தனக்கானதல்ல என்று அவர் முடிவே கட்டிவிட்டார்.

மறுநாள் காலை அவளுக்கு முன்னால் மாடியேறினார். காளான் விரிந்திருந்தது. பக்கத்தில் கழுவித் துடைத்த இரண்டு சின்னத் தட்டுகள். இரண்டு! பங்கு போடப் போகிறார்கள். அவளும் அவனும், இவர் வீட்டில், இவர் மந்திரத்தில் முளைத்ததை!

"எவனுக்கும் கிடைக்க வேண்டாம்" என்று பிடுங்கி வாயில் போட்டு மென்றார். மண் கரிக்கும், துப்பிவிடலாம் என்று பல்லைக் கடித்துக்கொண்டிருந்தார்.

மழை பெய்தது.

மூடிய கடையொன்றின் தகரக் கூரையடியில் இளைஞனாக அவர் நின்றிருந்தார். கையில் அந்தக் குடை. பக்கத்தில் முன்பின் தெரியாத ஒரு பெண் தொப்பலாக நனைந்து சிரித்துக்கொண்டிருந்தாள்.

"எடுத்துட்டுப் போங்க. நாளைக்குத் திருப்பிக் குடுத்தாப் போதும்."

"குடுக்கலைன்னா?"

"தினமும் வந்து கேப்பேன்."

"அப்ப குடுக்கவே மாட்டேன், போங்க."

அவர் நனைந்துகொண்டே பாடியபடி வீட்டுக்கு ஓடினார். மனைவியை அவர் முதன்முதலில் பார்த்த நாள் அது. அதை எந்தக் காளானும் அவரிடமிருந்து பறிக்கவில்லை. தானாகவே தொலைத்திருந்தார்.

படிகளில் தடதடவென்று இறங்கினார். அவள் காய் நறுக்கிக்கொண்டிருந்தாள்.

"அந்த மழை! அந்தத் தகரக் கூரை! அவ எப்படிச் சிரிச்சா தெரியுமா? கண்ணுல தண்ணி வழியுது, அப்பவும் சிரிக்கிறா. உலகத்துல இனி எனக்கு வேற என்ன வேணும்னு நெனச்சேன்!"

கத்தி நின்றது.

"யாரு அவ?"

தான் செய்தது என்னவென்று முனிவருக்கு அப்போதுதான் உறைத்தது.

"நீதான். நம்ம முதமுதல்ல பாத்தது. மாடியில நீ குடைப்பிடி வச்சிருந்தியே, நான்தான் புத்திகெட்டுப்போய்…"

"குடைப்பிடி வச்சேன். எதுக்கு வச்சேன்னுதான் இப்ப ஞாபகம் வரல." அவள் நெற்றியைத் தேய்த்துக்கொண்டாள். "ரெண்டு தட்டு வேற கழுவி வச்சிருக்கேன்."

ஊருக்கெல்லாம் சொல்லும் விதியைத் தட்டுத்தடுமாறி அவளுக்கும் சொன்னார். காது கொடுத்துக் கேட்டாள். புத்திக்குப் புரிந்தது. முகம் மட்டும் தெளியவில்லை. அவர் கண்ணில் இன்னும் காயாமலிருந்த அந்த மழையையே பார்த்துக்கொண்டிருந்தாள். இந்த வீட்டில் அவர் இப்படி யாரையும் நினைத்துப் பூரித்து அவள் கண்டதில்லை.

"குடையைத் திருப்பிக் குடுத்தாளா?" என்று கேட்டாள்.

"இல்ல."

"கெட்டிக்காரி" என்றாள் அவள். நேற்று அவர் வயிற்றில் எரிந்த அதே நெருப்பு அவள் குரலில் இருந்தது.