எங்க விழுந்தீங்க?

விடியும் நேரத்தில்தான் எலும்புகள் அதிகம் உடையும் என்பாள் ஒட்டகம். உண்மையில் அவை எங்கோ தூரத்தில், என்றைக்கோ உடைந்தவை. எங்கள் கணினித் திரைக்கு வந்து சேர்வதுதான் விடியற்காலை. இரவெல்லாம் ஏசியில் விறைத்த விரல்களை வாயருகே வைத்து ஊதிக்கொண்டே படிப்போம். முகம் தெரியாத டாக்டர்கள் எழுதிய குறிப்புகள். எந்த எலும்பு, எந்தப் பக்கம், எங்கே விழுந்தார் என்று தேடி, ஒவ்வொன்றுக்கும் உரிய குறியீட்டைப் போட வேண்டும். அதைப் பார்த்துத்தான் இன்சூரன்ஸ்காரர்கள் பணம் கொடுப்பார்கள்.

ஒட்டகம் என் பக்கத்து இருக்கைக்காரி. உயரத்துக்காக வந்த பெயர் இல்லை. தண்ணீர் குடித்தால் பாத்ரூம் போக வேண்டும், பாத்ரூம் போனால் டார்கெட் போய்விடும் என்று ஷிப்ட் முடியும்வரை ஒரு மடக்குகூடக் குடிக்க மாட்டாள். நிரப்பிய பாட்டில் மேசையில் அப்படியே நிற்கும்.

அன்று எனக்கு வந்தது இடுப்பெலும்பு முறிவு. இடுப்பெலும்பு ஒரு வளையம். முறிந்த பிறகும் அது நிலையாக நிற்கிறதா, ஆடுகிறதா என்பதைப் பொறுத்துக் குறியீடு மாறும். டாக்டர் அதை எழுதவில்லை. எழுதாததை நாங்களாக ஊகிக்கக் கூடாது. அவருக்குக் கேள்வி அனுப்ப வேண்டும். அதிலும் 'வளையம் ஆடுகிறதுதானே?' என்று வாயில் வார்த்தையைப் போட்டுக் கேட்கக் கூடாது. 'வளையத்தின் நிலை என்ன?' என்று மட்டும் கேட்கலாம். ஆனால் கேள்வி அனுப்பிய குறிப்பு அன்றைய டார்கெட்டில் சேராது. டார்கெட்டையோ இந்த மாதம் மறுபடியும் ஏற்றியிருந்தார்கள்.

"என்னம்மா, அதையே முறைச்சுக்கிட்டு இருக்கே?" மேனேஜர் என் நாற்காலிக்குப் பின்னால் வந்து நின்றார்.

"டாக்டர் எழுதலை சார். கேள்வி அனுப்பணும்."

"ஏதாவது ஒண்ணைப் போட்டுட்டு அடுத்ததுக்குப் போ. அந்த ஆளு என்ன உன் மாமனாரா?"

"மாமனாரா இருந்தா கேக்காமலே போட்டிருப்பா சார்," என்றாள் ஒட்டகம், திரையிலிருந்து கண்ணை எடுக்காமல்.

வரிசையில் யாரோ சிரிப்பை அடக்கினார்கள். அப்போதுதான் படிக்கட்டில் வாளி உருண்டது. அதன் பின்னால் கனமாக ஏதோ விழுந்தது. பிறகு சத்தமே இல்லை.

ஓடினோம். எங்கள் கட்டடத்தைத் துடைக்கும் அக்கா படி திரும்பும் இடத்தில் ஒருக்களித்துக் கிடந்தார். முன்பு இரண்டு பேர் துடைத்தார்கள், ஒருவரை நிறுத்திவிட்டார்கள். பகல் ஷிப்ட் வருவதற்குள் எல்லா மாடியையும் இவர் ஒருத்தரே முடிக்க வேண்டும். மின்சாரம் மிச்சமாகட்டும் என்று லிஃப்டை இரவில் பூட்டிவிடுவார்கள். படிக்கட்டு விளக்கு எரிந்தே வெகுநாள் ஆயிற்று. சொல்லிச் சொல்லி எங்களுக்கும் அலுத்துவிட்டது.

"தரை ஈரம்மா, பார்த்து இறங்குங்க," என்றார் அக்கா. விழுந்து கிடந்தபடியே, தினமும் சொல்வதுபோல.

காவலாளி அண்ணன் அவர் அக்குளில் கை கொடுத்தார்.

"தூக்காதீங்க அண்ணே!"

கத்தியது நான்தான். எங்களில் யாரும் ஒரு நோயாளியைக்கூடத் தொட்டதில்லை. ஆனால் தூக்கி உட்காரவைத்ததில் உள்ளுக்குள் ரத்தம் பெருகிப்போனவர்களைப் பற்றி எத்தனை முறை படித்திருப்போம்! ஒட்டகம் போர்த்தியிருந்த சால்வையை உருவினாள். இருவருமாக அதை அக்காவின் இடுப்பின் கீழ் மெல்ல நுழைத்து, வளையம் ஆடாதபடி தொடை தொடங்கும் இடத்தில் இறுக்கிக் கட்டினோம். திரையில் படித்த இடுப்பு கைக்குக் கீழே சூடாக நடுங்கியது.

ஆம்புலன்ஸ் வந்ததும் மேனேஜர் முன்னால் வந்தார்.

"நான் கூடப் போறேன். நீங்க சீட்டுக்குப் போங்க. யாராவது கேட்டா, ரோட்டுல விழுந்துட்டாங்கன்னு சொல்லுங்க."

"இங்கதானே சார் விழுந்தாங்க?"

"அவங்க கான்ட்ராக்ட் ஆளும்மா. இங்கன்னு சொன்னா அந்த வேலையும் போயிடும். அவங்க நல்லதுக்குத்தான் சொல்றேன்."

வண்டி போனது. நாங்கள் இருட்டுப் படியில் நின்றோம்.

"ரோடுன்னு டாக்டர் எழுதிட்டா முடிஞ்சுது," என்றாள் ஒட்டகம். "வேலையில விழுந்ததா ஆகாது, கம்பெனி ஒரு பைசா தராது. வைத்தியச் செலவு, படுத்துக் கிடக்கிற மாசமெல்லாம் அக்கா தலையில. எழுதினதுதான் நடந்ததுன்னு நமக்குத் தெரியாதா?"

"சரி, கேள்வி அனுப்புவோம்," என்றான் பின்வரிசைப் பையன் கசப்பாக.

"அனுப்ப வேண்டாம். போய்க் கேப்போம்," என்றேன்.

திரைகள் எரிந்துகொண்டே இருக்க, வரிசை முழுக்கப் படியிறங்கியது. ஒட்டகம் பாட்டிலை மட்டும் பையில் போட்டுக்கொண்டாள்.

பக்கத்து ஆஸ்பத்திரியின் அவசரப் பிரிவில் தூக்கம் கெட்ட கண்களோடு ஓர் இளம் டாக்டர் பேனாவைத் திறந்துகொண்டிருந்தார். "பஸ்ஸுக்காக ரோட்டைத் தாண்டும்போது வழுக்கிடுச்சு டாக்டர்," என்றார் மேனேஜர். அக்கா கண்ணை மூடியிருந்தார்.

"பொய்!" ஒட்டகம் பாய்ந்தாள். "அக்கா, படிக்கட்டுலதானே..."

அவள் கையை இழுத்துப் பிடித்தேன். "வாயில வார்த்தையைப் போடாதே. மேனேஜரும் அதைத்தான் பண்றாரு. அவங்களே சொல்லட்டும்."

கட்டிலருகே குனிந்தேன். "அக்கா, எங்க விழுந்தீங்க?"

அக்கா கண்ணைத் திறந்தார். முதலில் மேனேஜரைப் பார்த்தார். பிறகு என் பின்னால் அடையாள அட்டைகளோடு நின்றவர்களை, ஒவ்வொரு முகமாக.

"என்னம்மா, எல்லாரும் இங்க வந்துட்டீங்க? சீட்டுல இல்லேன்னா சம்பளத்தைப் பிடிப்பாங்களே."

"பிடிக்கட்டும் அக்கா."

அவர் உதட்டைக் கடித்துக்கொண்டார். வலியா, பயமா, தெரியவில்லை.

"ஆபீஸ் படிக்கட்டுல டாக்டர். துடைச்சுக்கிட்டு இருந்தேன். விளக்கு இல்ல."

டாக்டர் நிமிர்ந்து மேனேஜரை ஒரு பார்வை பார்த்துவிட்டு எழுதினார். ஒரு டாக்டர் கையால் எழுதுவதைப் பக்கத்தில் நின்று பார்ப்பது எங்களுக்கு அதுதான் முதல் தடவை.

"வளையம் ஆடுதா டாக்டர்?" ஒட்டகத்தின் வாய் சும்மா இருக்கவில்லை.

"படம் எடுத்தாத்தான் தெரியும். அந்தச் சால்வையைக் கட்டினது யாரு?" என்று கேட்டவர், பதிலுக்குக் காத்திராமல் கட்டிலைத் தள்ளச் சொன்னார்.

நடைபாதையில் மேனேஜர் எங்களை மறித்தார். "அவங்க வேலையும் போச்சு, உங்க வேலையும் போச்சு. நாளைக்கு உங்க கார்டுக்குக் கதவு திறக்காது. யாரு தலைவர் இங்க? நீயா?"

"தலைவர்னு எழுதலையே சார். நீங்களா ஊகிக்காதீங்க," என்றான் பின்வரிசைப் பையன்.

மேனேஜரின் போன் அடித்தது. மறுமுனையில் பதறிய குரல் எங்களுக்கே கேட்டது. பகல் ஷிப்ட் வந்துவிட்டது, ஆனால் யாரும் மாடி ஏறவில்லை. காவலாளி அக்காவின் வாளியைப் படிக்குக் குறுக்கே வைத்துவிட்டு, நடந்ததை எல்லாருக்கும் சொல்லிக்கொண்டிருக்கிறார். விளக்குப் போட்டு, அக்காவுக்கு ஒரு வழி சொல்லும்வரை கீழேதான் நிற்பார்களாம்.

மேனேஜர் போனைக் காதில் அழுத்திக்கொண்டு வெளியே நடந்தார். யாரிடம் பேசப் போகிறாரோ, என்ன கொண்டுவரப் போகிறாரோ.

எக்ஸ்ரே அறைக் கதவு மூடியிருந்தது. எதிரே இருந்த பெஞ்சில் நெருக்கியடித்து உட்கார்ந்தோம். ஒட்டகம் பையிலிருந்து பாட்டிலை எடுத்தாள். மூடியைத் திருகி, தலையைப் பின்னால் சாய்த்து, தொண்டை ஏறி இறங்கக் குடித்தாள்.

"இங்க பாத்ரூம் எந்தப் பக்கம்னு யாராவது பார்த்து வைங்கப்பா," என்று சொல்லிவிட்டுப் பாட்டிலைப் பக்கத்தில் நீட்டினாள்.

அது கைமாறிக் கைமாறி என்னிடம் வந்து சேர்ந்தபோது ஒரு மடக்குதான் மிச்சம் இருந்தது. கதவு இன்னும் திறக்கவில்லை. யாரும் எழுந்திருக்கவும் இல்லை.